வீடு ஊரில், பிழைப்பு வெளியில்: கிராமத்தை விட்டு ஏன் போகிறோம்?

பெருநாள் லீவு முடிகிற ஞாயிற்றுக்கிழமை. மஃரிபுக்குப் பிறகு எங்கட ஊர்ச் சந்தியில் நிற்க இடம் இருக்காது. கொழும்பு பஸ்கள் வரிசையில் நிற்கும். ஒவ்வொரு இளைஞனின் கையிலும் ஒரு பை, ஒரு தயிர்முட்டி, உம்மா கட்டிக் கொடுத்த சோற்றுப் பார்சல். விடியப்புறம் புறக்கோட்டையில் இறங்கி, முகம் கழுவி, கடை திறக்க வேண்டியவர்கள் இவர்கள்.

போன பெருநாளைக்குப் பிறகு அந்தக் கூட்டத்துக்குள் என்னிடம் படித்த ஒருவனைக் கண்டேன். உயர்தரத்தில் தமிழுக்கு ஏ எடுத்தவன். இசட் புள்ளியில் ஒரு சொட்டு குறைந்து பல்கலைக்கழகம் தவறியது. இப்போது புறக்கோட்டையில் ஒரு புடவைக் கடையில் வேலை.

“இனி எப்ப மகன் ஊருக்கு?” என்று கேட்டேன்.

“வாறது போறதுதான் சேர். நிக்கிறது எங்க எண்டுதான் தெரியல்ல” என்றான். பிறகு, “வாப்பாட ரெண்டு ஏக்கருக்கு நாங்க நாலு பேர். ஊரில நிண்டு நான் என்ன சேர் செய்யிற?” என்று கேட்டுவிட்டு பஸ்ஸில் ஏறினான்.

வகுப்பில் எத்தனையோ தடவை, “இந்தக் காலத்துப் பொடியன்களுக்கு மண்ணில கால் வைக்க ஏலாது, பட்டணத்து மோகம்” என்று சொன்னவன் நான். கல்யாண வீடுகளிலும் பள்ளிவாசல் திண்ணைகளிலும் இதே பேச்சுத்தான். அவன் கேட்ட கேள்விக்கு மோகம் என்பது பதிலாகாது என்று அன்றைக்குத்தான் உறைத்தது. அந்தக் கேள்விக்குக் கொஞ்சம் ஒழுங்காகப் பதில் தேடிப் பார்த்ததன் விளைவே இந்தக் கட்டுரை. உதாரணங்களைப் பெரும்பாலும் நான் அறிந்த அம்பாறைக் கரையோரத்திலிருந்தே எடுத்துக்கொள்கிறேன்.

பழைய கதைதான்

முதலில் ஒன்றைச் சொல்ல வேண்டும். ஊரை விட்டுப் போவது இன்று நேற்றுத் தொடங்கியதல்ல. தமிழ்ப் பாடம் நடத்துகிறவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். அகத்திணை பேசும் தொல்காப்பியம் தலைவன் வீட்டைப் பிரிந்து போவதற்கான காரணங்களை வகுத்துச் சொல்கிறது. கல்விக்காகப் போதல், போருக்குப் போதல், தூது போதல், பொருள் தேடிப் போதல் என்பன அவற்றுள் முக்கியமானவை. போரையும் தூதையும் எடுத்துவிட்டால், எங்கட சந்தியில் பஸ் ஏறுகிற பொடியன்களின் காரணங்கள் மற்ற இரண்டுக்குள்ளும் அடங்கிவிடும். பாலைத்திணைப் பாட்டுகளில் பெரும்பகுதி பொருள் தேடிப் போனவனையும் வீட்டில் காத்திருப்பவளையும் பற்றியது. அந்தப் பாட்டுகளில் தலைவனுக்கு ‘மோகம்’ என்று யாரும் பழி சொல்வதில்லை. பொருள் இல்லாமல் இல்லறம் நடக்காது என்பதை அந்தக் காலமே ஒப்புக்கொண்டிருந்தது.

நமது மரபிலும் இதைத் தெளிவாக ஆராய்ந்தவர் ஒருவர் இருக்கிறார். 1377ல் ‘முகத்திமா’வை எழுதிய இப்னு கல்தூன் நாட்டுப்புற வாழ்வையும் நகர வாழ்வையும் எதிரெதிராக வைத்துப் பார்க்கிறார். ஒரு மனிதன் தனியே உழைத்தால் தன் ஒருநாள் உணவைக்கூட முழுமையாக ஆக்கிக்கொள்ள முடியாது. பலர் கூடி, வேலையைப் பங்கிட்டுச் செய்தால், அவர்கள் எல்லோருடைய தேவைக்கும் மேலாகப் பல மடங்கு உற்பத்தியாகும். ஆகவே சனம் கூடிய இடத்தில் தொழில்கள் கூடும், தொழில்கள் கூடிய இடத்தில் செல்வம் கூடும் என்பது அவரது வாதம். அதற்கு அவர் காட்டும் உதாரணம் பிச்சைக்காரர். ஃபாஸ் நகரத்துப் பிச்சைக்காரன் திலிம்ஸான் நகரத்துப் பிச்சைக்காரனைவிட வசதியாக இருக்கிறான் என்கிறார். ஹஜ்ஜுப் பெருநாளில் ஃபாஸ் நகரத்துப் பிச்சைக்காரர்கள் குர்பான் ஆட்டின் விலையையே பிச்சையாகக் கேட்டதைத் தாம் கண்டதாகவும் எழுதுகிறார்.

அறுநூறு வருடங்களுக்கு முந்திய இந்தக் கணக்கு இன்றைக்கும் பொருந்தும். ஊரில் ஒரு குளிரூட்டி மெக்கானிக்குக் கிழமைக்கு இரண்டு வேலை வந்தால் பெரிது. கொழும்பில் அதே மெக்கானிக்குக்கு ஒரு நாளில் இரண்டு வேலை. திறமை ஒன்றுதான், சனத்தொகைதான் வேறு.

தள்ளுகிற காரணங்கள்

இனி நம்முடைய ஊருக்கு வருவோம். ஊர் ஏன் மனிதனைத் தள்ளுகிறது?

முதலாவது, நிலம் பங்காவது. எங்கட மூத்தப்பாவுக்குப் பன்னிரண்டு ஏக்கர் வயல் இருந்தது. ‘போடியார்’ என்று கூப்பிடுவார்களாம். அவருக்கு மூன்று ஆண்மக்கள். பெண்மக்களுக்கு வீடும் வளவும் கொடுத்துவிட்டபடியால் வயல் ஆண்களுக்கு வந்தது. வாப்பாவுக்கு நாலு ஏக்கர். வாப்பாவுக்கு நாங்கள் ஆண்மக்கள் இரண்டு பேர், எனக்கு இரண்டு ஏக்கர். எனக்குப் பிள்ளைகள் மூன்று பேர். யாரும் சோம்பேறியாகவில்லை, யாரும் நிலத்தை வெறுக்கவில்லை. மூன்று தலைமுறையில் பன்னிரண்டு ஏக்கர் ஒரு ஏக்கருக்கும் குறைவாக ஆகப் போகிறது, அவ்வளவுதான். கரையோரத்தில் ஒரு பக்கம் கடல், மறுபக்கம் வயல்வெளி. இடையில் ஒடுங்கிய மணல் திட்டில் ஊர்கள் நெருக்கமாக அடுக்கியிருக்கின்றன. ஊர் விரிவதற்கு இடமில்லை.

இரண்டாவது, வேளாண்மையில் வேலை நாட்கள் குறைந்துவிட்டன. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அறுவடைக் காலம் என்றால் ஊரே வயலில். வெட்டுக்கு ஒரு கூட்டம், கட்டுச் சுமக்க ஒரு கூட்டம், களவெட்டியில் சூடு அடிக்க ஒரு கூட்டம். இப்போது வெட்டு மெஷின் ஒன்று வந்து என்னுடைய இரண்டு ஏக்கரையும் ஒரு பகலுக்குள் வெட்டி, அடித்து, மூடையாக்கித் தந்துவிட்டுப் போகிறது. மெஷினைக் குறை சொல்லவில்லை; மழைக்கு முந்தி நெல்லைக் காப்பாற்றித் தருவது அதுதான். ஆனால் அன்றைக்கு அந்த மூன்று கூட்டங்களில் கூலி எடுத்த குடும்பங்களின் பேரப்பிள்ளைகள்தான் இன்றைக்குக் கொழும்பு பஸ்ஸில் இருக்கிறார்கள்.

மூன்றாவது, நிச்சயமின்மை. கல்லோயாத் திட்டத்தில் சேனநாயக்க சமுத்திரம் கட்டப்பட்டதால் எங்கட பகுதி வயல்கள் வருடத்தில் இரண்டு போகம் காண்கின்றன. ஆனால் குளத்தில் தண்ணீர் குறைந்த வருடம் சிறுபோகத்தில் ஒரு பகுதி வயல் தரிசாகக் கிடக்கும். தண்ணீர் இருந்தாலும் அறுவடை நேரத்தில் எல்லோருடைய நெல்லும் ஒரே நாளில் சந்தைக்கு வரும், விலை விழும். கடனுக்குப் பசளை வாங்கியவன் காத்திருக்க ஏலாது. இது போதாதென்று 2021ல் இரசாயனப் பசளை இறக்குமதி ஒரே இரவில் தடை செய்யப்பட்டது. அந்த வருடக் கடைசியில் தடையை நீக்கினாலும், மாரிப்போகம் பட்ட பாட்டை விவசாயி மறக்கவில்லை. நாட்டில் வேலை செய்பவர்களில் ஏறக்குறைய நாலில் ஒருவர் விவசாயத்தில் இருக்கிறார். ஆனால் நாட்டின் மொத்த உற்பத்தியில் விவசாயத்தின் பங்கு நூற்றுக்குப் பத்துக்கும் குறைவு. அதாவது நிறையப் பேர் ஒரு சிறிய சோற்றுப்பானையைச் சுற்றி உட்கார்ந்திருக்கிறார்கள். ஒருவர் எழும்பிப் போனால் மிச்சப் பேருக்கு ஒரு பிடி கூடும். குடும்பம் மகனை அனுப்பி வைப்பதில் இந்தக் கணக்கும் இருக்கிறது.

நான்காவது காரணத்தை நமது ஆக்கள் வெளியில் பேசுவது குறைவு. அது சீதன வீடு. கிழக்கில் மாப்பிள்ளை பெண் வீட்டுக்குப் போய் வாழ்வதே வழக்கம். ஆகவே ஒவ்வொரு பெண்பிள்ளைக்கும் ஒரு வீடு வேண்டும். மூன்று பெண்பிள்ளை என்றால் மூன்று வீடு. அந்தக் காலத்தில் மண் சுவரும் ஓலைக் கூரையும் போதும், இன்றைக்குத் தட்டுப் போட்ட கல்வீடு. இரண்டு ஏக்கர் நெல்லில் மூன்று கல்வீடு எழும்பாது. வாப்பாவால் ஏலாதபோது காக்காமார்தான் கட்ட வேண்டும். ஆகவே ஒருவன் கத்தாருக்குப் போகிறான், ஒருவன் கொழும்புக்குப் போகிறான். ஊரில் வீடு கட்டுவதற்காகவே அவன் ஊரை விட்டுப் போகிறான்.

இழுக்கிற காரணங்கள்

நகரம் ஏன் இழுக்கிறது? சம்பளம் கூட என்பது எல்லோருக்கும் தெரிந்த விடை. ஆனால் கொழும்பில் வேலை இல்லாமல் அலைகிறவர்களும் இருக்கிறார்கள். அதைத் தெரிந்துகொண்டும் ஏன் போகிறார்கள்? ஹரிஸ், டொடாரோ என்ற இரண்டு பொருளியலாளர்கள் கிழக்கு ஆபிரிக்க நாடுகளை மனதில் வைத்து 1970ல் இதற்கு ஒரு விளக்கம் தந்தார்கள். மனிதன் கையில் கிடைக்கும் சம்பளத்தை மட்டும் பார்ப்பதில்லை, எதிர்பார்ப்பைக் கணக்குப் போடுகிறான். ஊரில் மாதம் 30,000 ரூபாய் நிச்சயம், நகரத்தில் 80,000 ரூபாய் வேலை கிடைப்பதற்குப் பாதிக்குப் பாதிதான் வாய்ப்பு என்று வைத்துக்கொள்வோம். பாதி வாய்ப்பென்றாலும் அந்த எதிர்பார்ப்பின் பெறுமதி 40,000. ஊரைவிடக் கூட. ஆகவே போகிறான். இந்த விளக்கத்திலிருந்து ஒரு விசித்திரமான முடிவும் வருகிறது: வேலையில்லாப் பிரச்சினையைத் தீர்க்க நகரத்தில் மட்டும் வேலைகளை உண்டாக்கினால், வாய்ப்புக் கூடியது என்று இன்னும் கூடுதலான பேர் வந்து சேர்வார்கள். பிரச்சினை தீராமலும் போகலாம்.

இந்தக் கணக்கில் ‘வாய்ப்பு’ என்ற இடத்தைத் தீர்மானிப்பது பெரும்பாலும் சொந்தக்காரர்தான். என் மாணவன் கொழும்புக்குப் போனது கொழும்பைத் தெரிந்து அல்ல. அவனுடைய மாமா அந்தக் கடையில் பதினைந்து வருடம் இருக்கிறார். கடைக்கு மேல்மாடியில் படுக்க ஒரு பாய் கிடைத்தது, சாப்பாடு கடையில், முதல் மாதமே உம்மாவுக்குக் காசு. அடுத்த வருடம் அவன் ஒரு மச்சானைக் கூட்டிப் போவான். மாவனல்லை, ஹெம்மாத்தகம, அக்குறணைப் பக்கத்திலிருந்து புறக்கோட்டைக்குப் போனவர்களும் இப்படி ஒருவர் கையை ஒருவர் பிடித்துத்தான் போனார்கள். ஒரு ஊரில் இருந்து எல்லோரும் ஒரே தொழிலுக்கு, ஒரே தெருவுக்குப் போய்ச் சேர்வதன் இரகசியம் இதுதான். முதலில் போனவனுக்குக் கஷ்டம். பத்தாவது ஆளுக்குப் பாதை வெட்டியாயிற்று.

அடுத்தது கல்வி. இதில் நம் சமூகத்துக்கென ஒரு வரலாறு இருக்கிறது. இரண்டாம் உலக யுத்த காலத்தில், 1942ல், உணவு உற்பத்தியைப் பெருக்குகிற பொறுப்போடு கல்முனைக்கு உதவி அரசாங்க அதிபராக வந்தவர் ஏ.எம்.ஏ. அஸீஸ். நெல்லை விளைவிக்க வந்த அவர் அங்கே கண்டது படிக்க வசதியில்லாத பிள்ளைகளை. அந்த அனுபவத்தின் தொடர்ச்சியாகவே 1945ல் இலங்கை முஸ்லிம் புலமைப்பரிசில் நிதி உருவானது. பிறகு அவர் கொழும்பு ஸாஹிராவின் அதிபரானார். 1892ல் தொடங்கிய அந்தக் கல்லூரி நாட்டின் நாலாபக்கத்திலிருந்தும் முஸ்லிம் பிள்ளைகளைக் கொழும்புக்கு இழுத்தது. படிப்பதற்காக ஊரை விட்டுப் போன அந்தத் தலைமுறைதான் ஊருக்கு டாக்டரையும் வக்கீலையும் ஆசிரியரையும் தந்தது.

இன்றைக்கு நிலைமை கொஞ்சம் சிக்கலானது. பல்கலைக்கழக அனுமதியில் 40 வீதம் அகில இலங்கைத் திறமைக்கும், 55 வீதம் மாவட்டங்களின் சனத்தொகைக்கும், 5 வீதம் பின்தங்கிய மாவட்டங்களுக்கும் என்று பிரிக்கப்பட்டிருக்கிறது. அம்பாறையில் இருந்து பரீட்சை எழுதுவது கொழும்பில் இருந்து எழுதுவதைவிட அனுகூலம் என்பதால், உயர்தரம் முடியும் வரை பெற்றோர் பிள்ளையை ஊரிலேயே வைத்திருக்கப் பார்க்கிறார்கள். பிறகு போன பிள்ளை திரும்பி வருவதில்லை. 1996ல் பல்கலைக்கழகமாக உயர்ந்த ஒலுவில் தென்கிழக்குப் பல்கலைக்கழகம் வாசலுக்கே பட்டத்தைக் கொண்டு வந்தது. ஆனால் பட்டத்துக்கு ஏற்ற வேலையை ஊர் வாசலுக்கு யார் கொண்டு வருவது? படித்த பிள்ளைக்கு ஊரில் இருக்கிற வேலை ஆசிரியர் வேலை, அரசாங்க அலுவலகம், மிஞ்சினால் வங்கி. இந்த மூன்றும் நிரம்பினால் பஸ்தான்.

போகிற விதம்

ரேவன்ஸ்டீன் என்ற புவியியலாளர் 1885ல் பிரித்தானியக் குடிசன மதிப்பீடுகளை ஆராய்ந்து சில விதிகளைக் கண்டார். பெரும்பாலானோர் கிட்டிய இடத்துக்கே போகிறார்கள். தூரம் போகிறவர்கள் பெரிய நகரங்களையே தெரிந்தெடுக்கிறார்கள். ஒவ்வொரு போக்குக்கும் எதிராக ஒரு திரும்பி வருகிற போக்கும் உண்டு. நகரத்துக்குப் பக்கத்துக் கிராமத்தான் நகரத்துக்குப் போக, அவன் விட்ட இடத்துக்கு இன்னும் தூரத்துக் கிராமத்தான் வருகிறான்.

நம் கண்முன்னே இதுதான் நடக்கிறது. உட்கிராமத்திலிருந்து கல்முனைக்கோ அக்கரைப்பற்றுக்கோ வருகிறார்கள். பிள்ளைகளின் டியூஷன், ஆஸ்பத்திரி, கடை எல்லாம் அங்கே. கல்முனையில் கடை வைத்திருந்தவர் கொழும்பில் கிளை திறக்கிறார். பிள்ளைகள் தெஹிவளையில் வாடகை வீடு எடுக்கிறார்கள். அந்தப் பிள்ளைகளின் பிள்ளைகளில் ஒருவர் அவுஸ்திரேலியாவில். ஒரே தாவலில் யாரும் போகவில்லை. படிப்படியாகப் போனார்கள்.

ஆனால் ஒரு புதிர் இருக்கிறது. ஐக்கிய நாடுகளின் கணிப்பில் 2007 அளவில் உலக மக்களில் பாதிப்பேர் நகரவாசிகளாகிவிட்டார்கள். இலங்கையிலோ 2012 குடிசன மதிப்பீட்டின்படி நகரவாசிகள் 18.2 வீதம்தான். 1981ல் அது 21.5 வீதமாக இருந்தது. அப்படியானால் சனம் கிராமத்துக்குத் திரும்பிவிட்டதா? இல்லை. மாநகர சபை, நகர சபை எல்லைக்குள் இருப்பவர் மட்டுமே நகரவாசி என்பது நம் நாட்டுக் கணக்கு. முன்பு பட்டின சபைகளும் நகரமாகக் கணக்கிடப்பட்டன. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டம் அவற்றைப் பிரதேச சபைக்குள் அடக்கியபோது, இரவு படுத்த நகரவாசி காலையில் கிராமவாசியாக எழும்பினார். மாறியது பெயர்ப்பலகை. மேல்மாகாணத்தைப் பாருங்கள்: நாட்டு நிலப்பரப்பில் 6 வீதத்துக்கும் குறைவான அந்த இடத்தில் 2012ல் சனத்தொகையின் 28 வீதத்துக்கும் மேற்பட்டோர் இருந்தார்கள்.

கணக்குப் பிழையை ஒதுக்கினாலும், மற்ற ஆசிய நாடுகளைப் போல் இலங்கைக் கிராமம் காலியாகவில்லை என்பது உண்மைதான். காரணம் என்ன? இலவசக் கல்வி, இலவச வைத்தியம், மூலைமுடுக்கெல்லாம் பஸ். பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் ஊரில் இருந்தால் முழுக் குடும்பமும் பெயர வேண்டிய அவசியமில்லை. வேலை செய்பவன் மட்டும் போய் வரலாம். 1992ல் தொடங்கிய 200 ஆடைத் தொழிற்சாலைத் திட்டம்கூட, கட்டுநாயக்கவுக்கு வந்துகொண்டிருந்த கிராமத்துப் பெண்களுக்கு அவரவர் ஊரிலேயே வேலை கொடுக்கிற எண்ணத்தில்தான் போடப்பட்டது. கிழக்கு முஸ்லிம்களுக்கு இன்னொரு காரணமும் உண்டு: மேலே சொன்ன சீதன வீடு. வீடு மனைவியின் பேரில் ஊரில் இருக்கிறது. பக்கத்து வளவில் ராத்தா, அடுத்த வளவில் உம்மா. அந்த வீட்டைப் பூட்டிவிட்டுக் கொழும்பில் இரண்டு அறை வாடகைக்கு வர எந்த மனைவி சம்மதிப்பாள்? ஆகவே ஆண் போகிறான், வருகிறான், மறுபடியும் போகிறான். பிழைப்பு பெயர்ந்துவிட்டது, குடும்பம் பெயரவில்லை. என் மாணவன் சொன்ன “வாறது போறதுதான்” என்பதை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல என்னால் முடியாது.

பெண்களின் பயணத்தையும் இங்கே மறைக்கக் கூடாது. கடல்கடந்த பிரிவில் பெண்ணை உடன் கொண்டு போவதில்லை என்றொரு விதியைத் தொல்காப்பிய உரைகாரர்கள் விளக்குவார்கள். அதை வகுப்பில் நடத்தும்போதெல்லாம் எனக்குத் தொண்டை கட்டும். தொண்ணூறுகளில் இலங்கையிலிருந்து வெளிநாட்டு வேலைக்குப் போனவர்களில் பெரும்பான்மையோர் பெண்கள். பெரும்பாலும் வீட்டுவேலைக்கு. என் வகுப்பில் இருந்த பிள்ளைகளில் சிலருடைய உம்மாவும் அவர்களுள் அடக்கம். பாலைத்திணையில் காத்திருப்பவள் தலைவி. என் வகுப்பறையில் காத்திருந்தது பிள்ளை.

போனவர்களும் துரத்தப்பட்டவர்களும்

இந்த விளக்கங்கள் எல்லாம் தானாகப் புறப்பட்டவர்களுக்கே பொருந்தும். 1990 ஒக்டோபரில் வடமாகாணத்திலிருந்து ஏறக்குறைய 75,000 முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டார்கள். யாழ்ப்பாணத்தில் கொடுக்கப்பட்ட அவகாசம் இரண்டு மணித்தியாலம். புத்தளத்திலும் கொழும்பிலும் வந்து சேர்ந்த அந்த மக்கள் நகரத்தின் சம்பளத்தைக் கணக்குப் போட்டு வந்தவர்கள் அல்ல. முப்பது வருடத்துக்குப் பிறகு அவர்களின் பிள்ளைகள் ‘ஏன் ஊருக்குத் திரும்பவில்லை’ என்று கேட்கப்படும்போது, அந்த இடைக்காலத்தில் பள்ளிக்கூடமும் தொழிலும் கல்யாணமும் புதிய இடத்தில் வேர் விட்டுவிட்டன என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். துரத்தப்பட்டவனின் பயணத்தையும் பிழைக்கப் போனவனின் பயணத்தையும் ஒரே பட்டியலில் போட்டால் இருவருக்கும் அநியாயம்.

நகரத்தின் விலை

இப்னு கல்தூன் நகரத்தைப் புகழ்ந்ததோடு நிற்கவில்லை. சனம் பெருத்த நகரத்தில் தேவைகளும் பெருகும், விலைகளும் ஏறும். ஆகவே நாட்டுப்புறத்து எளியவனால் அங்கே குடியேறி நிலைப்பது கஷ்டம் என்றும் எழுதினார். கொழும்பில் வாடகை முற்பணம் கேட்டுப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

2020 மார்ச்சில் ஊரடங்கு போட்டபோது, கடை மேல்மாடிகளிலும் போடிங் அறைகளிலும் எத்தனையோ பொடியன்கள் மாட்டிக்கொண்டார்கள். கடை பூட்டினால் சம்பளமும் இல்லை, சாப்பாடும் இல்லை. ஊருக்கு வர பஸ்ஸும் இல்லை. 2022ல் எரிவாயுவுக்கும் எண்ணெய்க்கும் கொழும்பு வரிசையில் நின்றபோது, எங்கட ஊரில் விறகு இருந்தது, மூடையில் நெல் இருந்தது. அந்த வருடம் கொழும்பில் குடியேறிய பல குடும்பங்கள் மாதக்கணக்கில் உம்மா வீட்டில் வந்து இருந்தார்கள். ரேவன்ஸ்டீன் சொன்ன திரும்பி வருகிற போக்கு அதுதான். அன்றைக்குப் பழைய வீட்டையும் வயலையும் விற்காமல் வைத்திருந்தவனுக்குத் திரும்பி வர ஓர் இடம் இருந்தது. விற்றவனுக்கு இல்லை.

என்னுடைய இரண்டு ஏக்கர்

கடைசியாக என் கதைக்கு வருகிறேன். என் மூத்த மகளுக்கு இருபது வயது. வீடு கட்ட வேண்டும். ஆசிரியச் சம்பளத்தில் அத்திவாரம் போட்டாயிற்று, சுவர் எழும்பவில்லை. மத்திய கிழக்கிலிருந்து வந்த ஒருவர் என் வயலைக் கேட்கிறார். இந்த மாரிப்போகம் வெட்டிய பிறகு முடிவு சொல்வதாகச் சொல்லியிருக்கிறேன்.

இதை யோசிக்கும்போது ஒன்று விளங்கியது. நான் ஊரை விட்டுப் போகாதவன் என்று பெருமை பேசியிருக்கிறேன். ஆனால் வயலை விட்டுப் போய் இருபது வருடம் ஆகிறது. வயற்காரன் செய்கிறான், நான் மூடை எண்ணுகிறேன். என்னை ஊரில் நிறுத்தியது மண்பற்று அல்ல, மாதம் தவறாமல் வருகிற அரசாங்கச் சம்பளம். அந்தச் சம்பளம் கிடைத்திருந்தால் என் மாணவனும் ஊரில்தான் நின்றிருப்பான். நியமனம் கிடைத்தவன் கிடைக்காதவனைப் பார்த்து மோகம் என்று சொல்வது நேர்மையல்ல.

அப்படியானால் என்ன செய்யலாம்? போக வேண்டாம் என்று தடுப்பது ஆகாத காரியம். ஆனால் போகிறவன் வெறும் கையோடு போகாமல் ஒரு தொழிலைக் கற்றுக்கொண்டு போக வழி செய்யலாம். நெல்லை நெல்லாகவே லொறியில் ஏற்றி அனுப்பாமல், ஆலை, பொதி, மாவு என்று ஊரிலேயே இரண்டு கூலியைக் கூட்டலாம். எல்லாவற்றையும்விட, பெண்பிள்ளைக்கு ஒரு கல்வீடு என்ற கட்டாயத்தைப் பற்றிப் பள்ளிவாசல்களும் குடும்பங்களும் வாய் திறந்து பேச வேண்டும். நம் பொடியன்களைப் பஸ்ஸில் ஏற்றுவதில் நம் கையில் இருக்கிற காரணம் அது ஒன்றுதான். மெஷினையும் குளத்துத் தண்ணீரையும் உலகச் சந்தையையும் நாம் மாற்ற ஏலாது. வீட்டின் அளவைக் குறைக்கலாம்.

இதை எழுதுகிற நானே அந்த வீட்டுக்காகத்தான் வயலை விற்க யோசிக்கிறேன் என்பதும் எனக்குத் தெரியும். போன கிழமை மகளிடம் இதைச் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். பிறகு, “ரெண்டு அறை போதும் வாப்பா, வயல் கிடக்கட்டும்” என்றாள். மாப்பிள்ளை வீட்டார் அப்படிச் சொல்வார்களா என்பது வேறு கேள்வி. ஆனாலும் வயலைக் கேட்டவருக்கு இன்னும் நான் ஓம் சொல்லவில்லை.